பாய் விரித்தால் நோய் போகுமா? துடிப்பு மின் சிகிச்சை: வாசகர் கேள்விகளுக்குப் பதில்

இந்த முறை வந்த கடிதங்களில் பாதி, படுத்தால் உடலுக்குக் காந்தத் துடிப்பு தரும் காந்தப் பாய் பற்றியவை. அவற்றுக்கெல்லாம் சேர்த்து ஒரே பதில் எழுதியிருக்கிறேன்; அது நீளமாகத்தான் இருக்கும். வழக்கமான எச்சரிக்கையை முதலிலேயே சொல்லிவிடுகிறேன்: உடலுக்குள் பேஸ்மேக்கரோ வேறு மின்கருவியோ இருப்பவர்கள், அதைப் பொருத்திய மருத்துவரைக் கேட்காமல் எந்தத் துடிப்புக் கருவியையும் தொட வேண்டாம்.

கேள்வி: முழங்கால் தேய்மானத்துக்கு டென்ஸ் கருவி வாங்கினேன். நாள் முழுவதும் மாட்டிக்கொண்டே இருக்கலாமா?

வேண்டாம். தோலில் ஒட்டிய பட்டை வழியே லேசான மின்துடிப்பைச் செலுத்தும் டென்ஸ் வலியை அடக்கும், அவ்வளவுதான். தேய்ந்த குருத்தெலும்பை அது வளர்க்காது. தோலில் எழுப்பும் குறுகுறுப்பு, தண்டுவடத்தில் வலிச் செய்தியின் வாசலை அடைக்கிறது என்று மெல்சாக், வால் என்ற ஆய்வாளர்கள் 1965இல் விளக்கினார்கள். கருவி ஓடும்வரை நிவாரணம், நிறுத்திய பிறகும் கொஞ்ச நேரம். 80 முதல் 100 ஹெர்ட்ஸ், அதாவது நொடிக்கு அத்தனை துடிப்பு; நன்றாக உறைக்க வேண்டும், ஆனால் தசை துள்ளக் கூடாது. அரை மணியிலிருந்து ஒரு மணி நேரம் போதும். ஒரே அளவில் நாள் முழுக்க ஓடவிட்டால் நரம்பு அதற்குப் பழகிவிடும், பலன் மங்கும்.

முழங்கால் தேய்மானத்துக்கு டென்ஸைப் பயன்படுத்த வேண்டாம் என்றே அமெரிக்க வாதநோய் மருத்துவர்களின் 2019 வழிகாட்டி அழுத்தமாகச் சொல்கிறது. வாங்கிவிட்டீர்கள், உங்களுக்குச் சுகம் தருகிறது என்றால் பிடுங்கி வைக்கச் சொல்ல மாட்டேன். ஆனால் தொடைத் தசைக்கான பயிற்சியை அதற்காக விட்டுவிடாதீர்கள். ஒட்டுப்பட்டையையும் கவனியுங்கள். அண்மையில் ஒருவர் காலைக் காட்டினார். பட்டையின் ஓரமெல்லாம் பசை காய்ந்து சுருண்டு, நடுவில் விரல்நகம் அளவு இடம் மட்டும் தோலில் ஒட்டியிருந்தது. முழுப் பட்டையிலும் பரவியிருக்க வேண்டிய மின்சாரம் அந்த ஒரு புள்ளியில் இறங்கியதில், அங்கே நீர் கோத்த கொப்புளம். பசை காய்ந்த பட்டையைத் தூக்கி எறியுங்கள். உணர்ச்சி குறைந்த தோலில் பட்டையை ஒட்டவே ஒட்டாதீர்கள்.

கேள்வி: பெட்டியில் 1 முதல் 10 வரை எண் இருக்கிறது. 6இல் வைக்கலாமா?

எந்தப் பெட்டி? என்ன நோய்? உடலில் எந்த இடம்? ஒன்றையும் எழுதவில்லை. பெட்டியில் உள்ள எண் அதைச் செய்தவர் அச்சடித்த அடையாளம், மருந்தளவு அல்ல. ஒரு கருவியின் 6 இன்னொன்றின் 3ஆக இருக்கலாம். துடிப்பின் அகலம், நொடிக்கு எத்தனை, எவ்வளவு வலிமை, எவ்வளவு நேரம், எந்த இடம் ஆகிய ஐந்தும் தெரியாமல் யாரும் பதில் சொல்ல முடியாது. சொல்லுகிறவரை நம்பவும் வேண்டாம். கருவியோடு வந்த கையேட்டில் இவை இருக்கும். படித்துவிட்டு மறுபடியும் எழுதுங்கள்.

கேள்வி: தொண்டை இறுக்கத்துக்கு முன்கழுத்தில் டென்ஸ் வைக்கலாமா?

கூடவே கூடாது. முன்கழுத்தில் ரத்த அழுத்தத்தை உணரும் இடம் இருக்கிறது. அதைத் தூண்டினால் அழுத்தம் சரிந்து மயங்கி விழலாம், குரல்வளைத் தசையும் இறுகலாம்.

கேள்வி: காந்தப் பாயில் தினமும் 20 நிமிடம் படுத்தால் மூட்டுவலி, சர்க்கரை, தூக்கமின்மை, கட்டி எல்லாம் தீரும் என்கிறார்கள். பூமியின் அதிர்வெண்ணான 7.83 ஹெர்ட்ஸில் ஓடுகிறதாம். விண்வெளி ஆராய்ச்சியில் நிரூபிக்கப்பட்டதாம். வாங்கலாமா?

இதே கேள்வியைப் பலர் வெவ்வேறு நோயின் பெயரில் கேட்டிருக்கிறார்கள். ஒவ்வொன்றாக வருகிறேன்.

7.83 ஹெர்ட்ஸ் என்பது உண்மையான எண்தான். பூமிக்கும் அயனி மண்டலத்துக்கும் இடையே மின்னல்களால் எழும் மின்காந்த ஒத்ததிர்வு அது. ஷூமன் என்ற ஜெர்மானிய இயற்பியலாளர் 1952இல் அதைக் கணித்தார். அதன் காந்தப் புலத்தின் வலிமை ஏறத்தாழ ஒரு பிக்கோடெஸ்லா, அதாவது காந்த வலிமையின் அலகான டெஸ்லாவில் லட்சம் கோடியில் ஒரு பங்கு. பாய்கள் தருவதோ மைக்ரோடெஸ்லாக் கணக்கில், குறைந்தது பத்து லட்சம் மடங்கு. அப்படியிருக்க இயற்கையின் துடிப்பைத்தான் திருப்பித் தருகிறோம் என்ற பேச்சுக்கு என்ன பொருள்? எண் ஒன்றாக இருந்தால் மருந்து ஒன்றாகிவிடாது.

விண்வெளி ஆராய்ச்சி என்று அவர்கள் காட்டுவது, கண்ணாடிப் பாத்திரத்தில் வளர்த்த நரம்பு உயிரணுக்களைக் காந்தப் புலத்தில் வைத்துப் பார்த்த ஆய்வு. பாத்திரத்தில் வளரும் உயிரணுவுக்கு மூட்டும் இல்லை, சர்க்கரை நோயும் இல்லை.

காந்தத் துடிப்பு உடலில் வேலை செய்கிறதா என்றால், செய்கிறது. மாறும் காந்தப் புலம் மின்சாரத்தைத் தூண்டும் என்று ஃபாரடே 1831இலேயே காட்டிவிட்டார். ஆனால் எவ்வளவு மின்சாரம் என்பது புலத்தின் வலிமையையும் அது எவ்வளவு வேகமாக மாறுகிறது என்பதையும் பொறுத்தது. மனச்சோர்வுக்குத் தலைக்கு வெளியே வைத்து மூளையைத் தூண்டும் டி.எம்.எஸ் காந்தச் சுருளில் ஒன்றரை முதல் 2 டெஸ்லா. அது ஒரு நொடியின் பத்தாயிரத்தில் ஒரு பங்கு நேரத்தில் ஏறிவிடுகிறது. அதனால்தான் மண்டையோட்டைத் தாண்டி நரம்பை உசுப்புகிறது. 100 மைக்ரோடெஸ்லா தரும் பாயை விட அது பதினைந்தாயிரம் முதல் இருபதாயிரம் மடங்கு. பாயை விற்கிறவர் டி.எம்.எஸ் ஆய்வைத் தன் விளம்பரத்தில் போடுவது நேர்மையல்ல. எலும்பு ஒட்டுவதற்கான சுருள், மூளைப் புற்றுக்குத் தலையில் அணியும் மின்புலக் கருவி என்று யாரோ வருந்தி உழைத்து நிரூபித்ததையெல்லாம் இந்தப் பாய்க்காரர்கள் இப்படித்தான் கடன் வாங்குகிறார்கள். அந்த மூளைப் புற்றுக் கருவி 200 கிலோஹெர்ட்ஸில் ஓடுகிறது. நாளுக்குச் சுமார் 18 மணி நேரம், மொட்டையடித்த தலையில், மாத்திரையோடு சேர்த்து அணிய வேண்டும். அப்படிச் செய்தும் பெரிய ஆய்வில் சராசரி ஆயுள் 16 மாதத்திலிருந்து 21 மாதமானது. அந்த ஐந்து மாதத்துக்கு எவ்வளவு கவனமும் கணக்கும் தேவைப்பட்டது என்று பாருங்கள். 20 நிமிடத்தில் கட்டி கரையும் என்பவரிடம் அந்தக் கணக்கைக் கேளுங்கள்.

எனக்கு இதில் கோபம் வருவதற்குக் காரணம் உண்டு. மார்பில் சின்னக் கட்டியோடு ஒரு பெண்மணி என்னிடம் வந்தார். முதுகுவலிக்கு வந்தவர், பேச்சோடு பேச்சாகக் கட்டியைச் சொன்னார். எட்டு மாதமாகப் பாயில் படுத்திருக்கிறார், ஒருநாள் தவறாமல், நேரம் குறித்து வைத்து. அந்தக் குறிப்பேட்டை எடுத்துக் காட்டினார். தேதியும் நிமிடமும் அழகான கையெழுத்தில் வரிவரியாக இருந்தன. கட்டி அதற்குள் அக்குளுக்குப் போயிருந்தது. அந்தப் பாய் அவர் உடலை எதுவும் செய்யவில்லை. எட்டு மாதத்தை எடுத்துக்கொண்டது.

மூட்டுவலிக்குப் பாயில் படுத்து இதமாக இருக்கிறது என்றால் படுங்கள். சர்க்கரை மாத்திரையை நிறுத்தாதீர்கள். கட்டி என்றால் பாயைச் சுருட்டி வைத்துவிட்டு அன்றே மருத்துவரிடம் போங்கள்.

கேள்வி: கீழ்க்கால் எலும்பு முறிந்து பத்து மாதமாகியும் கூடவில்லை. துடிப்புக் காந்தச் சுருள் கட்டச் சொல்கிறார் மருத்துவர். நீங்கள்தான் காந்தமே ஏமாற்று என்கிறீர்களே?

நான் ஒருபோதும் அப்படி எழுதவில்லை. எதற்கு, எவ்வளவு என்று தெரியாத காந்தம் ஏமாற்று என்றேன். அழுத்தம் பட்டால் எலும்பில் மின்னழுத்தம் பிறக்கிறது என்று ஜப்பானில் ஃபுகாடா, யசுதா இருவரும் 1957இல் காட்டினார்கள். அந்த வழியில் போய் பாசெட் என்ற அமெரிக்க எலும்பு மருத்துவர் உருவாக்கிய துடிப்புக் காந்தச் சிகிச்சைக்கு, ஒட்டாத எலும்புக்காக 1979இல் அங்கே அரசு அனுமதி கிடைத்தது. கையாண்டு பழகிய சிகிச்சைதான். ஆனால் ஆய்வு முடிவுகள் எல்லாம் ஒரே குரலில் பேசவில்லை. எக்ஸ்ரேயில் எலும்பு கூடுவது கூடுதலாகத் தெரிகிறது, வலியும் நடையும் அதே அளவுக்குத் தேறுகின்றனவா என்பது அவ்வளவு தெளிவாக இல்லை.

மருத்துவரிடம் மூன்று கேள்வி கேளுங்கள். முறிந்த முனைகளுக்கு நடுவே உள்ள இடைவெளி எலும்பின் குறுக்களவில் பாதியைத் தாண்டுகிறதா? உள்ளே சீழ் இருக்கிறதா? முறிவு அசையாமல் நிற்கிறதா? இடைவெளி பெரிது, சீழ் உண்டு, எலும்பு ஆடுகிறது, இவற்றில் ஒன்று இருந்தாலும் சுருள் கட்டிப் பயனில்லை, அறுவைதான் வழி. மூன்றும் சாதகமாக இருந்தால் கட்டுங்கள், சொன்ன நேரம் கட்டுங்கள். நாளுக்கு அரை மணி கேட்கும் கருவியும் உண்டு, எட்டு பத்து மணி நேரம் கேட்பதும் உண்டு. பாதி நேரம் கட்டிவிட்டுப் பலனில்லை என்பவர்களைத்தான் அதிகம் பார்க்கிறேன். புகைப்பவரானால் இன்றே நிறுத்துங்கள்; புகை எலும்பை ஒட்ட விடாது.

கேள்வி: சிறுநீரகக் கல்லை உடைக்கும் அதிர்வலை, கரண்ட் ஷாக்கா?

இல்லை, அழுத்த அலை. சில கருவிகளில் நீருக்கடியில் மின்பொறி தெறித்து அந்த அலையை உண்டாக்கும். உடலுக்குள் போவது அலை மட்டுமே.

கேள்வி: அம்மா மனச்சோர்வில் சாப்பாட்டையே நிறுத்திவிட்டார். மருத்துவர் இ.சி.டி (மின்துடிப்பால் மூளையில் வலிப்பை உண்டாக்கும் சிகிச்சை) என்கிறார். டி.எம்.எஸ் மென்மையானது, அதைக் கேட்கலாமா?

சாப்பிடவில்லை என்ற ஒரு வரியே போதும். மருத்துவர் சொன்னதைக் கேளுங்கள், நாள் கடத்தாதீர்கள். உயிருக்கு ஆபத்தான மனச்சோர்வில் இ.சி.டி அளவுக்கு வேகமும் வலுவும் உள்ள சிகிச்சை வேறில்லை. செர்லெட்டி, பினி என்ற மருத்துவர்கள் 1938இல் ரோமில் தொடங்கியபோது இருந்த முறையை மனதில் வைத்துப் பயப்படுகிறீர்கள். இன்று மயக்கமருந்து, தசைத் தளர்த்தி இரண்டும் கொடுத்து, ஒரு மில்லிநொடி அளவே அகலமுள்ள துடிப்புகளைச் சில நொடிகள் செலுத்துகிறார்கள். வலிப்பு மூளையில்தான், உடல் தூக்கிப் போடாது. நினைவு மங்கல் உண்டு, அதை மறைக்க மாட்டேன். சிகிச்சை நடக்கும் வாரங்களின் நிகழ்ச்சிகள் சில திரும்பி வராமலே போகலாம். பெரும்பாலானவருக்குப் புதிதாக நினைவில் கொள்ளும் திறன் தேறிவிடுகிறது. துடிப்பின் அகலம் என்ன, மின்முனை ஒரு பக்கமா இரு பக்கமா என்று கேளுங்கள். நினைவாற்றலுக்கு ஏற்படும் சேதம் அவற்றைப் பொறுத்தது. டி.எம்.எஸ் நல்ல சிகிச்சைதான், ஆனால் அது வாரக்கணக்கில் பொறுத்திருக்கக் கூடியவர்களுக்கு.

கேள்வி: டி.எம்.எஸ் முதல் நாளில் என் வலது கட்டைவிரல் தானாகத் துள்ளியது. சுருளைத் தப்பான இடத்தில் வைத்துவிட்டார்களா?

சரியான இடத்தில்தான் வைத்தார்கள். உங்கள் மூளைக்கு எவ்வளவு வலிமை தேவை என்பதை அந்தக் கட்டைவிரல்தான் சொல்கிறது. இடப்பக்க மண்டையில் சுருளை நகர்த்தி, வலிமையைக் கொஞ்சம் கொஞ்சமாகக் குறைத்து, பத்து முறை தட்டினால் ஐந்து முறை விரல் துள்ளும் அளவைக் குறித்துக்கொள்வார்கள். பிறகு சுருளை முன்பக்கம் தள்ளி, அந்த அளவை வைத்துச் சிகிச்சை. அளவு என்றால் என்ன என்று நான் ஓயாமல் எழுதுவது இதைத்தான். காதடைப்பான் போட்டுக்கொள்ளுங்கள், சத்தம் உரக்க இருக்கும். காது கேட்க உள்ளே பொருத்தும் காக்ளியர் கருவியோ தலையில் உலோகமோ இருந்தால் முதலிலேயே சொல்லியிருக்க வேண்டும். சொன்னீர்களா என்று எழுதவில்லை.

கேள்வி: இதயத் துடிப்பு நேர்கோடாகிவிட்டால் ஷாக் கொடுத்து ஓட வைக்கலாம்தானே?

முடியாது. கீழறைகள் ஒழுங்கின்றி நடுங்கும்போதுதான் ஷாக். அந்த நடுக்கத்தை மொத்தமாக நிறுத்தி, இதயத்தின் சொந்த முடுக்கி மறுபடியும் தலைமை ஏற்க வழிவிடுவதே அதன் வேலை. நேர்கோட்டில் நிறுத்துவதற்கு எதுவும் இல்லை. அங்கே நெஞ்சை அழுத்துவதும் மருந்தும்தான். பொது இடங்களில் உள்ள ஏ.இ.டி என்ற தானியங்கி ஷாக் பெட்டி, ஷாக் தேவையா இல்லையா என்று தானே கண்டறிந்து சொல்லும், பயப்படாமல் திறவுங்கள். ஈர நெஞ்சைத் துடைத்துவிட்டுப் பட்டையை ஒட்டுங்கள். முதலுதவியின்றி ஒரு நிமிடம் தாமதித்தால் பிழைக்கும் வாய்ப்பு நூற்றுக்கு 7 முதல் 10 குறைகிறது.

கேள்வி: ஏட்ரியல் ஃபிப்ரிலேஷனுக்கு (இதய மேலறைகள் ஒழுங்கின்றி நடுங்குவது) துடிப்புப் புல முறை வந்திருக்கிறதாமே, பழைய சூட்டு முறையை விட மேலா?

பலனில் ஏறக்குறைய சமம். 600 பேருக்கு மேல் சேர்த்து நடத்தி 2023இல் வெளியான ஆய்வில், ஓராண்டில் வெற்றி புதிய முறையில் நூற்றுக்கு 73, பழையதில் 71. உயர் மின்னழுத்தத் துடிப்புகள் இதயத் தசை உயிரணுக்களின் சவ்வில் ஓட்டை போட்டுக் கொல்கின்றன. பக்கத்தில் உள்ள உணவுக்குழாயும் நரம்பும் அவ்வளவு எளிதில் அழிவதில்லை. அதுதான் இதன் அழகு, வேலையும் சீக்கிரம் முடியும். ஆபத்தே இல்லை என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள்: ரத்த அணுக்கள் உடைந்து சிறுநீரகம் பாதிப்பது, இதய நாளம் சுருங்குவது இரண்டும் உண்டு. கருவியின் பெயரை விட, செய்கிறவரின் அனுபவத்தைப் பார்த்து முடிவெடுங்கள்.

கேள்வி: அப்பாவுக்கு நடுக்குவாதத்துக்காக மூளைக்குள் மின்கம்பி வைத்திருக்கிறார்கள். தோள்வலிக்கு டயதெர்மி (அலையால் உடலுக்குள் சூடேற்றும் சிகிச்சை) எடுக்க வேண்டும். மூளைக் கருவியை அணைத்துவிட்டு எடுக்கலாமா?

கூடாது. அணைத்தாலும் கூடாது. டயதெர்மியின் 27 மெகாஹெர்ட்ஸ் அலையை அந்தக் கம்பி ஆன்டெனாவைப் போல இழுத்து, மூளைக்குள் இருக்கும் நுனியில் வெப்பமாக இறக்கும். கருவி ஓடுகிறதா இல்லையா என்பது கம்பிக்குத் தெரியாது. சிகிச்சை தோளில்தானே என்பதும் காப்பாற்றாது. இப்படி டயதெர்மி எடுத்தவர்கள் இறந்திருக்கிறார்கள். 2002இல் அமெரிக்க மருந்துக் கட்டுப்பாட்டுத் துறை இதற்கென்றே எச்சரிக்கை விட்டது. துடிப்பு முறை, சூடு தெரியாத முறை என்று சொல்லிச் சமாதானப்படுத்துவார்கள், அதையும் ஏற்காதீர்கள். கருவி பொருத்தியபோது கொடுத்த அட்டையை அப்பாவின் சட்டைப் பையில் வையுங்கள். பிசியோதெரபி அறைக்குள் நுழைந்ததும், அவரை உட்கார வைப்பதற்கு முன்பே அதை எடுத்துக் காட்டுங்கள். தோளுக்கு வெந்நீர் ஒத்தடமும் பயிற்சியும் போதும்.