முணுமுணுப்பில் தொடங்கிய ஆர்.இ.எம்.

அன்புள்ள ஐயா,

'லூசிங் மை ரிலிஜன்' பாட்டு வழியாக ஆர்.இ.எம். என்ற அமெரிக்க ராக் இசைக்குழுவுக்குள் வந்தவன் நான். நீங்கள் சொன்னதால் அவர்களுடைய முதல் ஆல்பம் 'மர்மர்' கேட்டேன். பாடகர் என்ன பாடுகிறார் என்றே புரியவில்லை. ஒலிப்பதிவு மோசமா, எனக்குத்தான் பிடிபடவில்லையா?

எம்., சேலம்

அன்புள்ள எம்.,

இரண்டுமே இல்லை. 1983இல் வந்த அந்த ஆல்பத்தில் பாடகர் மைக்கேல் ஸ்டைப்பின் குரலை வேண்டுமென்றே வாத்தியங்களுக்கு நடுவே அமுக்கி வைத்தார்கள். அங்கே குரலும் ஒரு வாத்தியம்தான். பீட்டர் பக் கிட்டாரில் ஸ்வரங்களைத் தனித்தனியாக உதிர்த்துக்கொண்டே போவார். மெட்டைச் சுமப்பது பெரும்பாலும் மைக் மில்ஸின் பேஸ் கிட்டார்.

இந்தக் குழுவின் வளர்ச்சி என்பதே அந்தக் குரல் கொஞ்சம் கொஞ்சமாக முன்னால் வந்த கதை என்று நினைக்கிறேன். 1986இல் 'லைஃப்ஸ் ரிச் பேஜன்ட்' ஆல்பத்தைத் தயாரித்த டான் கேமன், ஸ்டைப்பைத் தெளிவாகப் பாடச் சொல்லி வற்புறுத்தினார். 1988இல் 'கிரீன்' உறையில் ஒரே ஒரு பாட்டின் வரிகளை மட்டும் அச்சிட்டார்கள். எல்லா வரிகளும் அச்சானது பத்தாண்டு கழித்து, 'அப்' ஆல்பத்தில்தான்.

இதற்கு நடுவில்தான் நீங்கள் முதலில் கேட்ட பாட்டு வந்தது. பக் மாண்டலின் பழகிக்கொண்டிருந்தபோது கையில் அகப்பட்டதுதான் 'லூசிங் மை ரிலிஜன்' மெட்டு. 1992இல் 'எவ்ரிபடி ஹர்ட்ஸ்' பாட்டு. முணுமுணுத்த அதே மனிதர், பள்ளிப் பிள்ளைக்கும் புரியும் சொற்களில், ஒவ்வொன்றாக நிறுத்திப் பாடுகிறார். பின்னால் எழும் வயலின்களுக்கு இசைக்கோர்ப்பு செய்தவர் லெட் செப்பலின் ராக் குழுவின் ஜான் பால் ஜோன்ஸ். அந்தப் பாட்டின் எளிமையைச் சிலர் குறையாகச் சொல்வார்கள். எனக்கு அதில் துளியும் உடன்பாடில்லை. அவ்வளவு நேராக ஒருவரிடம் ஆறுதல் சொல்ல அவர்களுக்கு எட்டு ஆல்பங்கள் தேவைப்பட்டிருக்கின்றன.

1995இல் மேடையிலேயே மூளை ரத்தக்குழாய்ப் பாதிப்புக்கு ஆளான டிரம்மர் பில் பெர்ரி, 1997இல் விலகினார். அந்த வெற்றிடத்தில் டிரம் மெஷினை வைத்துத் தடுமாறிச் செய்த 'அப்' ஆல்பத்தைப் பலர் ஒதுக்கிவிடுகிறார்கள். ஒதுக்காதீர்கள். 2004இல் வந்த 'அரௌண்ட் த சன்' எனக்குச் சோர்வைத்தான் தந்தது. 2011இல் பதினைந்தாவது ஆல்பத்தோடு, சண்டை சச்சரவு இல்லாமல் முடித்துக்கொண்டார்கள்.

சரி, 'மர்மர்' கேட்க ஒரு வழி சொல்கிறேன். சொற்களைத் தேடாதீர்கள். 'பில்கிரிமேஜ்' பாட்டைப் போட்டு பேஸை மட்டும் பின்தொடருங்கள். இரண்டாவது தடவை, மில்ஸ் பின்னால் பாடும் குரலைக் கவனியுங்கள். அப்புறம் அவர்களுடைய இரண்டாவது ஆல்பம் 'ரெக்கனிங்' கேட்டுவிட்டு எழுதுங்கள்.