பொலோன்யாவில் வழிகாட்டியோடு நடந்து போகும் உணவுச் சுற்றுலா பணத்துக்குத் தகுமா? வீட்டில் இரண்டு பேர் சைவம், என்ன செய்வது?

கேள்வி இதுதான்: இத்தாலியில் பொலோன்யாவுக்கு மூன்று நாள் குடும்பத்தோடு போகிறார்கள். தலைக்கு 90 யூரோ கொடுத்து நாலு மணி நேர உணவுச் சுற்றுலாவுக்குப் பதிவு செய்யலாமா, சைவம் சாப்பிடும் இருவரையும் கூட்டிப் போகலாமா?

தாராளமாகப் போகலாம், முதல் நாள் காலையிலேயே போவதாக இருந்தால். பலர் இதைக் கடைசி நாளைக்கு ஒதுக்கி வைத்து வீணாக்குகிறார்கள். சுற்றுலாவில் வாயில் போடும் பண்டங்களை மட்டும் தனியாக வாங்கினால் பாதிப் பணம்கூட ஆகாது. மீதிப் பணம் எது அசல், எது பயணிகளுக்காக வைத்த சரக்கு என்று பிரித்துக் காட்டுகிற ஆளுக்கு. அதை முதல் நாளே கற்றுக்கொண்டால் மிச்ச இரண்டு நாளும் சரியான கடையில் சரியான பொருளைக் கேட்டு வாங்கலாம். விலை சுமார் 80 முதல் 120 யூரோ வரை இருக்கும், 90 என்பது நியாயமான தொகைதான்.

சுற்றுலா பெரும்பாலும் நடப்பது குவாத்ரிலாத்தெரோ என்ற பழைய சந்தைப் பகுதியில். மஜ்ஜோரே சதுக்கத்தை ஒட்டிக் கிழக்கே இருக்கிற சின்னச் சந்துகள்தான் அது. தெருப் பெயர்களே பழைய தொழில்களைச் சொல்லும்: பெஸ்கெரியே வெக்கியே என்றால் பழைய மீன் சந்தை, ஒரேஃபிச்சி பொற்கொல்லர் தெரு, திராப்பெரியே துணி வியாபாரிகள் தெரு. சந்துகள் ஒடுக்கமானவை. இருபது பேர் கொண்ட குழு அங்கே நின்றால் பின்வரிசையில் இருப்பவருக்கு ஒரு வார்த்தை கேட்காது, கடைக்காரருக்கும் எரிச்சல் வரும். அதனால் பதிவுக்கு முன் முதலில் பார்க்க வேண்டியது குழுவின் அளவு. அதிகபட்சம் 10, 12 பேர் என்று எழுதியிருக்க வேண்டும். அளவே குறிப்பிடாத விளம்பரத்தை விட்டுவிடுங்கள்.

அடுத்து, 'எட்டு சுவைகள்', 'பத்து சுவைகள்' என்ற எண்ணிக்கையை நம்ப வேண்டாம். ஒரு தட்டில் வைக்கும் மூன்று வகை இறைச்சித் துண்டுகளை மூன்று சுவை என்று கணக்குக் காட்டுவார்கள். மூன்று கேள்வி எழுதிக் கேளுங்கள். பாஸ்தாவை உட்கார வைத்துப் பரிமாறுவீர்களா? மாவு தேய்ப்பதைக் கண்ணால் பார்க்கிற இடம் ஒன்றாவது உண்டா? பால்சாமிக் வினிகரில் எந்த வகையைச் சுவைக்கத் தருகிறீர்கள்? மூன்றுக்கும் தெளிவாகப் பதில் வந்தால் ஆள் தொழில் தெரிந்தவர்.

அந்த வினிகரைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகவே சொல்ல வேண்டும், ஏனென்றால் அதிகம் பேர் ஏமாறுவது இங்கேதான். பக்கத்து ஊரான மோதெனாவின் பெயரில் இரண்டு பொருள்கள் விற்கின்றன. 'ஆச்செத்தோ பால்சாமிகோ திராதித்ஸியோனாலே தி மோதெனா' என்பது திராட்சைச் சாற்றை மட்டும் காய்ச்சிச் சுண்டவைத்து, மரப் பீப்பாய்களில் வரிசையாக மாற்றி மாற்றிக் குறைந்தது 12 ஆண்டு வைத்தெடுப்பது. 'எக்ஸ்த்ராவெக்கியோ' என்று இருந்தால் 25 ஆண்டு. இது 100 மில்லி மட்டுமே பிடிக்கும், உருண்டை வயிறும் சதுர அடியும் கொண்ட ஒரே மாதிரிக் குப்பியில்தான் வரும். கார் வடிவமைப்பாளர் ஜ்யோர்ஜெத்தோ ஜுஜாரோ வடிவமைத்த குப்பி அது. 'திராதித்ஸியோனாலே' என்ற சொல் இல்லாமல் 'ஆச்செத்தோ பால்சாமிகோ தி மோதெனா' என்று மட்டும் இருந்தால் அது வேறு சரக்கு. அதில் திராட்சைச் சாறோடு சாதாரண ஒயின் வினிகரும் கலந்திருக்கும், 60 நாளிலேயே தயாராகிவிடும். சாலட்டுக்கு அது போதும், கெட்ட பொருளும் இல்லை. ஆனால் அதை அழகான குப்பியில் அடைத்து 40 யூரோ சொன்னால் வாங்காதீர்கள். நல்ல வழிகாட்டி இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் கரண்டியில் ஊற்றித் தருவார். மலிவானது மூக்கில் ஏறும். பழையது தேன் மாதிரி மெதுவாக இறங்கும், புளிப்பு கடைசியில்தான் தெரியும். ஒரு தடவை ஒப்பிட்டுப் பார்த்தால் அப்புறம் யாரும் ஏமாற்ற முடியாது. வாங்கி வந்தால் அடுப்பில் வைத்துச் சூடாக்காதீர்கள், மணம் போய்விடும். இறக்கிய பிறகு சில சொட்டுகள் போதும்.

பார்மிஜானோ ரெஜ்ஜானோ பாலாடைக்கட்டியும் அப்படித்தான். ஒரு சக்கரம் சுமார் 40 கிலோ, அதற்கு ஏறக்குறைய 550 லிட்டர் பால் வேண்டும். குறைந்தது 12 மாதம் பழுக்க வைத்த பிறகே முத்திரை விழும். கடையில் 24 மாதம், 36 மாதம் என்று கேட்டு வாங்கலாம். கடைக்காரர் இதைக் கத்தியால் அறுக்க மாட்டார். பாதாம் பருப்பு வடிவத்தில் குட்டையான ஒரு கத்தியைக் குத்தித் திருகுவார், கட்டி தானாகப் பிளந்து கொடுக்கும். பிளந்த முகத்தில் வெள்ளைப் புள்ளிகள் இருந்தால் பூஞ்சை என்று பயப்பட வேண்டாம். நாள்பட்டதில் உருவாகும் அமினோ அமிலப் படிகங்கள் அவை, கடித்தால் நறநறவென்று இருக்கும். பால் ஒத்துக்கொள்ளாதவர்கள்கூட இதைச் சாப்பிடலாம், பாலிலுள்ள சர்க்கரையான லாக்டோஸ் கிட்டத்தட்ட இல்லாமல் போயிருக்கும். பால் புரதத்தாலேயே ஒவ்வாமை என்றால் தொடக்கூடாது.

இனி சைவ விஷயம். வெளிப்படையாகச் சொன்னால் பொலோன்யாவுக்குக் கொழுத்த ஊர் என்று பொருள்படும் 'லா கிராஸ்ஸா' என்ற பட்டப்பெயர் உண்டு, அந்தக் கொழுப்பில் பெரும்பங்கு பன்றியுடையது. பதிவு செய்யும்போது 'வெஜிடேரியன்' என்று ஒரு சொல்லை மட்டும் எழுதினால் இறைச்சித் துண்டை எடுத்துவிட்டுப் பாலாடைக்கட்டியைக் கூடுதலாக வைப்பார்கள். நம் வீட்டுச் சைவத்துக்கு அது போதாது. கண்ணுக்குத் தெரியாமல் நுழைகிற இடங்கள் மூன்று.

முதலாவது ரென்னெட், அதாவது பாலைத் திரைய வைக்கும் பொருள். பார்மிஜானோவுக்குக் கன்றுக்குட்டியின் இரைப்பையிலிருந்து எடுக்கிற ரென்னெட்டைத்தான் பயன்படுத்த வேண்டும் என்பது அதன் சட்ட விதி. 'சைவ பார்மிஜானோ' என்று ஒன்று கிடையாது. இத்தாலியிலேயே பலருக்கு இது உறைக்காது, சைவத் தட்டிலும் தாராளமாகத் துருவிப் போடுவார்கள். இது பரவாயில்லையா இல்லையா என்பதை ஊரிலேயே வீட்டுக்குள் பேசி முடிவு செய்துகொண்டு போங்கள். கூடாது என்றால் மஸ்கார்போனே என்ற க்ரீம் போன்ற பாலாடைக்கட்டி ஒரு வழி, அதைப் புளிப்பமிலம் சேர்த்துத் திரட்டுகிறார்கள், ரென்னெட் இல்லை.

இரண்டாவது ஸ்த்ரூத்தோ, அதாவது பன்றிக் கொழுப்பு. சுடச்சுட வரும் தடித்த சிறு வட்டத் திஜெல்லே, பொரித்த கிரெஷென்தினே, மெல்லிய பியதீனா எல்லாவற்றின் மாவிலும் வழக்கமாக இது சேரும். வெங்காயமும் தக்காளியும் மணிக்கணக்கில் வதக்கிச் செய்யும் ஃப்ரிஜ்ஜோனே பார்க்க அச்சு அசல் நம் தொக்கு போலவே இருக்கும், பழைய முறையில் அதிலும் ஸ்த்ரூத்தோதான். 'சென்ஸா ஸ்த்ரூத்தோ?' என்று கேளுங்கள், அது இல்லாமலா என்று பொருள். நிறையக் கடைகளில் ஆலிவ் எண்ணெயில் செய்ததும் இருக்கும்.

மூன்றாவது இறைச்சிச் சாறு. தொர்தெல்லீனி என்ற குட்டிப் பாஸ்தாவைச் சேவல், மாட்டிறைச்சி வேகவைத்த சாற்றில் மிதக்க விட்டுத் தருவார்கள். உள்ளே பூரணமும் பன்றியிறைச்சி, மொர்ததெல்லா (பன்றியிறைச்சித் தொத்திறைச்சி), பார்மிஜானோ, முட்டை, ஜாதிக்காய். 1974 டிசம்பர் 7 அன்று இந்தப் பூரணத்தின் செய்முறையை ஊர் வர்த்தகச் சபையில் பதிவே செய்து வைத்திருக்கிறார்கள். பெயரில் ஓரெழுத்து மாறி 'தொர்தெல்லோனி' என்று வந்தால் அது பெரிய அளவு. உள்ளே ரிகோத்தா என்ற மென்மையான பாலாடைக்கட்டி வைத்து, வெண்ணெயும் சேஜ் இலையும் போட்டுத் தருவார்கள், முட்டையும் பார்மிஜானோவும் ஏற்பவர்களுக்கு இதுதான் சரியான தட்டு. அந்த ஓரெழுத்தை மாற்றிச் சொன்னால் இறைச்சி வந்து நிற்கும்.

முட்டையும் கூடாது என்றால் இந்த ஊரின் கைப்பாஸ்தா மொத்தமும் கைவிட்டுப் போகும், 100 கிராம் மாவுக்கு ஒரு முட்டை என்பதுதான் இங்கே அடிப்படைக் கணக்கு. அப்படிப்பட்டவருக்குக் குழுச் சுற்றுலா எடுக்காதீர்கள். நாலு மணி நேரம் மற்றவர்கள் சாப்பிடுவதைப் பார்த்துக்கொண்டு நிற்க வேண்டிவரும், அது அவருக்குச் செய்யும் அநியாயம். தனி வழிகாட்டியைப் பேசி உகோ பாஸ்ஸி தெருவில் 1910 முதல் நடக்கும் மெர்காத்தோ தெல்லே எர்பே காய்கறிச் சந்தையைச் சுற்றலாம். முஸ்லிம் குடும்பங்களுக்கும் இதையே சொல்வேன். குழுவில் பன்றியும் ஒயினும் ஒவ்வொரு நிறுத்தத்திலும் வரும், பாலாடைக்கட்டியும் பல கடைகளில் அதே பலகையில்தான் வெட்டப்படும். ஒவ்வாமை என்றால் தயங்காமல் கேளுங்கள், ஐரோப்பியச் சட்டப்படி 14 வகை ஒவ்வாமைப் பொருள்களைப் பற்றி உணவகம் தகவல் தந்தாக வேண்டும். மொர்ததெல்லாவில் சிலர் பிஸ்தா சேர்ப்பார்கள் என்பதும் நினைவிருக்கட்டும்.

அசைவம் சாப்பிடுகிறவர்கள் மொர்ததெல்லாவுக்கு முன்னால் கொஞ்சம் நின்று பார்க்க வேண்டும். 1661இலேயே கர்தினால் ஃபார்னேசே ஆணை போட்டுப் பன்றியிறைச்சி தவிர வேறெதிலும் செய்யக்கூடாது என்று கட்டுப்படுத்திய பண்டம். இளஞ்சிவப்பு நிறத்தில் வெள்ளைக் கட்டங்களாகத் தெரிவது பன்றியின் தொண்டைப் பகுதிக் கொழுப்பு, எடையில் குறைந்தது 15 சதவீதம் அது இருக்க வேண்டும். இயந்திரத்தில் வைத்துச் சீவினால் துண்டுக்கு அந்தப் பக்கம் வெளிச்சம் தெரிகிற மெல்லிசில் விழும், மிளகு வாசனை அப்போதே எழும். சீவின பத்து நிமிடத்துக்குள் சாப்பிட வேண்டும். காலையிலேயே சீவித் தட்டில் அடுக்கி வைத்த கடையென்றால் ஓரம் காய்ந்து நிறம் மங்கியிருக்கும், அங்கே நிறுத்துகிற வழிகாட்டி நல்ல வழிகாட்டி இல்லை.

பாஸ்தா தேய்க்கும் பெண்களை ஸ்ஃபோல்யீனா என்பார்கள். மரப் பலகையில், மெல்லிய நீளக் கட்டையால் தேய்ப்பார்கள். மரத்தின் சொரசொரப்பு மாவில் பதியும், ராகூ என்ற இறைச்சிக் குழம்பு அதில் பற்றி நிற்கும். வழுவழுப்பான ஸ்பாகெட்டியில் அது வழுக்கிக் கீழே தங்கிவிடும். அதனால்தான் உலகம் முழுக்க விற்கும் 'ஸ்பாகெட்டி போலோனீஸ்' சொந்த ஊரின் வழக்கத்தில் கிடையாது, தாலியதெல்லே என்ற பட்டை நாடாதான். வெந்த பிறகு அதன் அகலம் 8 மில்லிமீட்டர், ஊரின் பழைய அசினெல்லி கோபுர உயரத்தில் 12,270இல் ஒரு பங்கு என்று 1972இல் பதிவு செய்து வைத்திருக்கிறார்கள். வாசலில் ஸ்பாகெட்டி போலோனீஸ் படம் ஒட்டிய கடையை யோசிக்காமல் தாண்டிப் போங்கள்.

நாளைத் தேர்ந்தெடுக்கும்போது செவ்வாய் முதல் சனி வரை ஒரு நாள், பத்து மணிவாக்கில் தொடங்குவதாகப் பாருங்கள். ஞாயிறு காய்கறிச் சந்தை கிடையாது, பழைய கடைகளும் பல மூடியிருக்கும். ஆகஸ்ட் நடுவில் ஊரே விடுமுறையில் போய்விடும், 15ஆம் தேதியை ஒட்டிப் பதிவு செய்யவே வேண்டாம். பார்மிஜானோ ஆலையையும் வினிகர்ப் பீப்பாய்களையும் பார்க்க வேண்டுமென்றால் அது வேறு சுற்றுலா, விடியலிலேயே வண்டியில் ஏறி ஊருக்கு வெளியே போக வேண்டும்.

நடக்கும் தூரம் இரண்டு மூன்று கிலோமீட்டர்தான். களைப்பு வருவது நின்றுகொண்டே சாப்பிடுவதால். வயதானவர்கள் வந்தால் எந்த நிறுத்தத்தில் உட்காரலாம், கழிப்பறை எங்கே என்று முன்கூட்டியே கேட்டுவிடுங்கள். மழை பிரச்சினையில்லை, யுனெஸ்கோ 2021இல் பட்டியலில் சேர்த்த தூண் மண்டபங்கள் பழைய நகரம் முழுக்கத் தலைக்கு மேல் கூரையாக ஓடுகின்றன. ஆனால் அவற்றின் வழவழத் தரை ஈரமானால் வழுக்கும், ரப்பர் அடி போட்ட செருப்பு வேண்டும். சுற்றுலா முடிந்ததும் அசினெல்லியில் ஏறலாம் என்று திட்டம் போடாதீர்கள். பக்கத்திலுள்ள சாய்ந்த கரிசெண்டா கோபுரத்தைச் சுற்றி 2023 அக்டோபரில் வேலி போட்டதிலிருந்து அசினெல்லியிலும் ஏற விடுவதில்லை.

காலையில் ஒரு காபி மட்டும் குடித்துவிட்டுப் போங்கள். எல்லோரும் செய்யும் தவறு, முதல் ஒரு மணி நேரத்தில் இறைச்சியையும் பாலாடைக்கட்டியையும் ரொட்டியோடு சேர்த்து நிரப்பிக்கொள்வது. பாஸ்தா வரும்போது வயிறு மறுக்கும். ரொட்டியைத் தவிர்த்து, ஒவ்வொன்றிலும் இரண்டு துண்டோடு நிறுத்துங்கள். எல்லாம் உப்பு, ஆளுக்கு ஒரு லிட்டர் தண்ணீர் கையில் வேண்டும். கடைகளில் பழத்தையோ காயையோ கையால் தொட்டு எடுக்காதீர்கள், அங்கே கடைக்காரர்தான் எடுத்துத் தருவார்.

மறுநாள் தனியாகப் போகும்போது நிறுவைக்கு 'எத்தோ' என்ற சொல் போதும், ஒரு எத்தோ என்றால் 100 கிராம். ஒரு எத்தோ மொர்ததெல்லாவும் ரொட்டியும் வாங்கிக்கொண்டு ரனோக்கி சந்தில் இருக்கும் ஓஸ்தெரியா தெல் சோலேவுக்குப் போங்கள். 1465 முதல் இருக்கும் இடம். அங்கே சமையல் கிடையாது, குடிக்க ஏதாவது வாங்கினால் நீங்கள் கொண்டுவந்த சாப்பாட்டை நீள மேசையில் பிரித்துச் சாப்பிடலாம். ஞாயிறு மட்டும் திறக்க மாட்டார்கள். ஊருக்குக் கொண்டுபோகப் பாலாடைக்கட்டி வாங்கினால் 'சோத்தோவோதோ' என்று சொல்லுங்கள், காற்றை உறிஞ்சி உறையில் ஒட்டித் தருவார்கள்.