முதலைக் குழல்மீன்: கேள்வி பதில்

பாக் விரிகுடா, மன்னார் வளைகுடா கடற்புல் வெளிகளில் வாழும் சிங்நாத்தாய்டஸ் பயாகுலியேட்டஸ் என்ற குழல்மீனைப் பற்றிய கேள்விகளும் பதில்களும்.

சங்காயத்தில் (வலையில் சேர்ந்து வரும் கழிவுமீன் குவியலில்) ஒரு சாண் நீளத்துக்குப் பச்சைக் குச்சி மாதிரி கிடக்கிறது. கடல்குதிரையா?

முதலைக் குழல்மீனா என்று அறிய வால் நுனியைப் பாருங்கள். பெரும்பாலான குழல்மீன்களுக்கு அங்கே குட்டித் துடுப்பு இருக்கும், இதற்கு இல்லை. கடல்குதிரை போல வால் சுருளும், ஆனால் தலை வளையாமல் உடம்போடு நேராக நீளும். உடம்பு நாற்பட்டையாக இருக்கும், 29 செ.மீ. வரை வளரும். காய்ந்து நிறம் போயிருந்தால் எலும்பு வளையங்களை எண்ணுங்கள்: உடம்பில் 15–18, வாலில் 40–54. வால் நுனி ஒடிவது சகஜம் என்பதால் உடம்பு எண்ணிக்கையையே நம்புங்கள்.

வயிற்றில் முத்து முத்தாக ஒட்டியிருக்கிறதே, நோயா?

முட்டைகள். சுமப்பது ஆண். கடல்குதிரைக்கு இருப்பது போல மூடிய பை இதற்குக் கிடையாது. முட்டைகள் வயிற்றின் அடிப்புறத் தோலில் வெளியே தெரியும்படி பதிந்திருக்கும். வலை உரசினாலே உதிர்ந்துவிடும்.

உயிரோடு வலையில் வந்தால்?

முதலில் கையை நனையுங்கள். வால் வலைக்கண்ணைச் சுற்றியிருந்தால் இழுக்கவே கூடாது. வலையோடு தண்ணீரில் அமிழ்த்தினால் தானே பிடியைத் தளர்த்தும். வயிற்றை அழுத்தாமல் உள்ளங்கையில் ஏந்தி, கடற்புல் இருக்கும் இடமாகப் பார்த்து விடுங்கள். வெறும் மணலில் விட்டால் பற்றிக்கொள்ளவும் ஒளியவும் எதுவும் இல்லை.

மீன்தொட்டியில் வளர்க்கலாமா?

கூடாது. கடல்குதிரையும் குழல்மீன்களும் 2001இல் வனஉயிரினப் பாதுகாப்புச் சட்டத்தின் முதல் அட்டவணையில் சேர்க்கப்பட்டன. பிடிப்பது, வைத்திருப்பது, கருவாடாக விற்பது எல்லாமே குற்றம். சட்டத்தை விடுங்கள், பட்டினியிலேயே செத்துவிடும்: பல் இல்லை, இரைப்பையும் இல்லை. உயிருள்ள சிற்றிறால் போன்றவற்றை உறிஞ்சி, நாள் முழுக்கக் கொஞ்சம் கொஞ்சமாகத் தின்றாக வேண்டும். வேகமான மீன்களோடு போட்டியிட இதனால் முடியாது.

முக்குளித்துத் தேடியும் கண்ணில் படவில்லையே?

மீனைத் தேடாதீர்கள், கண்ணைத் தேடுங்கள். நீரோட்டத்தில் இலைகள் ஆடும்போது இதுவும் சேர்ந்தே ஆடும். ஆழம் குறைந்த, இலை நீளமான புல்திட்டுகளில் மெதுவாகப் பாருங்கள். துடுப்புக்காலால் சேற்றைக் கிளப்பினால் அன்றைக்கு அவ்வளவுதான்.

இதைக் காப்பாற்ற எதில் கவனம் வைக்க வேண்டும்?

புல்லில். அடியைச் சுரண்டும் இழுவலை, மீனையும் அது பற்றும் புல்லையும் ஒரே வீச்சில் பெயர்த்துவிடும். 2022இல் தஞ்சாவூர், புதுக்கோட்டைக் கடலோரத்தில் 448 சதுர கி.மீ. கடற்பசுக் காப்பகமாக அறிவிக்கப்பட்டது. கடற்பசு மேயும் புல்தான் இந்த மீனுக்கும் வீடு. அந்த எல்லைக்குள் இழுவலை நுழையாமல் பார்த்துக்கொள்வதே இன்று நடைமுறையில் சாத்தியமான பெரிய உதவி.