மேடை ஹிப்னாடிசமும் அம்மாவின் வயிற்றுவலியும்

அன்புள்ள ஐயா,

விழா ஒன்றில் ஹிப்னாடிசம் செய்து காட்டினார்கள். மேடையேறிய என் தோழி, பச்சை வெங்காயத்தை ஆப்பிள் என்று நம்பிக் கடித்துத் தின்றாள். எல்லோரும் சிரித்தோம். இப்போது, அம்மாவின் ஐபிஎஸ் (எரிச்சல் குடல் நோய்) தொந்தரவுக்கு, ஹிப்னாடிசத்தைக் கொண்டு செய்யும் ஹிப்னோதெரபி சிகிச்சை எடுத்துப் பார்க்கலாம் என்கிறார் மருத்துவர். அம்மாவை இன்னொருவர் கட்டுப்பாட்டில் விடப் பயமாக இருக்கிறது.

ஒரு வாசகி

அன்புள்ள வாசகிக்கு,

அந்த மேடையைப் பார்த்த யாருக்கும் இந்தப் பயம் வரும். ஆனால் வெங்காயத்துக்கு முன்னால் நடந்ததை நினைத்துப் பாருங்கள். இந்த நிகழ்ச்சிகளில் வழக்கமாக முதலில் கூட்டம் முழுவதையும் விரல்களைக் கோத்து இறுக்கச் சொல்வார்கள். 'கை ஒட்டிக்கொண்டது, பிரிக்க வராது' என்பார்கள். பிரிக்க முடியாமல் திணறுகிறவர்களைத்தான் மேலே கூப்பிடுவார்கள். அவர்களிலும் சரிப்படாதவர்களை நைசாகக் கீழே அனுப்பிவிடுவார்கள். மிஞ்சுகிறவர்கள் சொன்னதில் சட்டென்று ஆழ்ந்துவிடக்கூடியவர்கள். அத்தனை பேர் பார்க்கும்போது 'மாட்டேன்' என்று ஆட்டத்தைக் கெடுக்க யாருக்கு மனம் வரும்? உங்கள் தோழியை யாரும் வசியம் செய்யவில்லை. அவளுடைய கற்பனைத் திறனும் கூட்டத்தின் எதிர்பார்ப்பும் சேர்ந்து செய்த வேலை அது.

சிகிச்சைக்கு வருகிறவர்களை இப்படிச் சலித்தெடுக்க முடியாது. சிலருக்கு நன்றாகப் பலிக்கும், சிலருக்குச் சுமாராக, சிலருக்கு ஒன்றுமே நடக்காது. ஆனால் உங்கள் அம்மாவுக்கு இருக்கும் தொந்தரவில் இதற்கு நல்ல ஆதாரம் உண்டு. 1984-இல் இங்கிலாந்தின் மான்செஸ்டரில் பீட்டர் வோர்வெல் என்ற மருத்துவரின் குழுவினர், மற்ற சிகிச்சைகளுக்கு மசியாத கடுமையான ஐபிஎஸ் உள்ள 30 பேரிடம் சோதித்து, நல்ல பலன் கண்டு லான்செட் மருத்துவ இதழில் எழுதினார்கள். செய்முறையில் பயப்பட ஒன்றுமில்லை. கண்ணை மூடி, கையை வயிற்றின் மேல் வைத்து, அங்கே இதமான சூடு பரவுவதாக உணரச் சொல்வார்கள். குடலைச் சீராக ஓடும் ஆறாக நினைக்கச் சொல்வார்கள். அம்மாவுக்கு எல்லாம் காதில் விழும். பிடிக்காவிட்டால் கண்ணைத் திறந்து எழுந்துவிடலாம்.

அதற்காக மேடையை நான் இளக்காரமாகச் சொல்லவில்லை. 1841-இல் அதே மான்செஸ்டரில் லாஃபோன்டேன் என்பவரின் மேடைக் காட்சியை, ஏமாற்று வேலையாக இருக்கும் என்ற சந்தேகத்தோடு பார்க்கப் போனார் ஜேம்ஸ் பிரெய்ட் என்ற அறுவை மருத்துவர். ஏதோ இருக்கிறது என்று பட்டதும் தாமே சோதிக்க இறங்கினார். ஹிப்னாடிசம் மருத்துவத்துக்குள் வந்ததில் அவருக்குப் பெரிய பங்கு உண்டு.

எனக்குக் கவலை தருவது வேறொன்று. 'மறந்துபோன பழைய நினைவுகளை வெளியே எடுக்கிறேன்' என்பவர்களிடம் மட்டும் அம்மாவை அனுப்பாதீர்கள். ஹிப்னாடிச நிலையில் நடக்காததும் நடந்த நினைவாகப் பதிந்துவிடக்கூடும், அதுவும் அசைக்க முடியாத உறுதியோடு. மருத்துவர் யாரிடம் அனுப்புகிறார், அவர் மருத்துவமோ உளவியலோ முறையாகப் படித்தவரா, குடல் நோய்க்கு இதைச் செய்து பழகியவரா என்று கேளுங்கள். முதல் நாள் நீங்களும் கூட இருக்கலாமா என்றும் கேட்டுவிடுங்கள்.