நிறவெறிக்கு எதிரான போராட்டத்தில் கிறிஸ்தவ விசுவாசம் துணை நின்றதா, குறுக்கே நின்றதா?

கேள்வி கேட்டவர் கூடவே ஒரு வரியும் சேர்த்திருக்கிறார்: "அடிமைகளை வைத்திருந்தவனும் பைபிள் படித்தான், மார்ட்டின் லூதர் கிங்கும் பைபிள் படித்தார். எதை நம்புவது?"

நான் சேலத்துக்காரன். மூன்று தலைமுறையாகப் புராட்டஸ்டண்ட் குடும்பம். வேதசாஸ்திரம் படித்தவன் இல்லை, வங்கியில் கணக்கு பார்த்து ஓய்வுபெற்றவன். அந்த இரண்டு பேரும் நிஜம்தான். ஆனால் இந்தக் கேள்வியில் மூன்றாவதாக ஒருத்தர் விட்டுப்போயிருக்கிறார். எனக்கு நன்றாகத் தெரிந்தவர் அவர்தான்.

முதலில் அந்த இரண்டு பேர். 1807-ல் லண்டனில், மேற்கிந்தியத் தீவுகளின் அடிமைகளுக்கென்றே ஒரு பைபிள் அச்சிட்டார்கள். இஸ்ரவேலர் எகிப்திலிருந்து விடுதலையான கதை அதில் கிடையாது. "யூதனென்றும் கிரேக்கனென்றுமில்லை, அடிமையென்றும் சுயாதீனனென்றுமில்லை" என்கிற கலாத்தியர் 3:28 கிடையாது. எஜமான்களுக்குக் கீழ்ப்படியச் சொல்லும் எபேசியர் வசனம் மட்டும் பத்திரமாக இருந்தது. (நம்முடைய பழைய மொழிபெயர்ப்பில் அந்த இடத்தில் "வேலைக்காரரே" என்று இருக்கும். மூலத்தில் அடிமைகள். எங்கள் வீட்டில் பாத்திரம் தேய்க்க வந்த அக்காவுக்குச் சொன்னது என்றே சின்ன வயதில் நினைத்திருந்தேன்.) எந்தப் பக்கம் ஆபத்து என்று வெட்டினவனுக்குத் தெரிந்திருக்கிறது, பாருங்கள்.

அந்தப் பக்கத்தைத்தான் கறுப்பின மக்கள் பிடித்துக்கொண்டார்கள். பிலடெல்பியாவில் ஒரு வெள்ளையர் கோயிலில் முழங்காலில் நின்று ஜெபித்துக்கொண்டிருந்தவர்களைப் பாதி ஜெபத்தில் எழுப்பினார்கள். அப்படி வெளியே வந்தவர்களில் ஒருவரான ரிச்சர்டு ஆலன், 1816-ல் கறுப்பினத்தாருக்கென ஒரு மெதடிஸ்ட் திருச்சபையையே உருவாக்கினார். பஸ்ஸில் நிறம் பார்த்து இடம் பிரித்ததை எதிர்த்து, அமெரிக்காவின் மான்ட்கோமரியில் 381 நாள் பஸ்ஸில் ஏறாமல் நடந்த ஜனங்கள், இரவானால் கூடியது கோயில்களில்தான். பாட்டும் ஜெபமும் முடிந்த கையோடு நாளைக்கு யார் காரில் யார் போவது என்று பேசினார்கள். இதெல்லாம் உங்களுக்கு எங்கேயும் கிடைக்கும்.

மூன்றாவது ஆளுக்கு வருகிறேன்.

பதினைந்து வருஷத்துக்கு முன்னால் எங்கள் சபைக் கமிட்டியில் நான் செயலர். எங்கள் கல்லறைத் தோட்டத்தில் எழுதாத சட்டம் ஒன்று உண்டு. கேட்டை ஒட்டிய வேப்பமர வரிசை பழைய குடும்பங்களுக்கு. பின்சுவர் ஓரம், சாக்கடைப் பக்கம், மற்றவர்களுக்கு. மற்றவர்கள் என்றால் யார் என்று யாரும் வாய்விட்டுச் சொன்னதில்லை, எல்லோருக்கும் தெரியும். அந்த ஐப்பசியில் ஒரு பாட்டி இறந்தார். ஏற்காட்டுக் காப்பித் தோட்டங்களில் நாற்பது வருஷம் பழம் பறித்துவிட்டு, மகனுக்கு வேலை கிடைத்ததும் மலையைவிட்டு இறங்கி வந்தவர். மகன் ராத்திரி என் வீட்டுக்கு வந்தார்.

"அண்ணா, பின்னாடி குழி தோண்டினா தண்ணி ஊறுது. அம்மாவ தண்ணியில வைக்க மனசு வரல. முன்னாடி வரிசையில ஒரு இடம் குடுங்க."

நான் சொன்ன பதில் அப்படியே ஞாபகம் இருக்கிறது. "தம்பி, நீ கேக்கறது நியாயம்தான். ஆனா இப்ப வேண்டாம். கமிட்டி எலெக்‌ஷன் முடியட்டும், நானே பேசறேன்."

மறுநாள் குழியிலிருந்து பக்கெட்டில் தண்ணீர் இறைத்துப் போட்டுவிட்டுத்தான் பெட்டியை இறக்கினார்கள். நான் குடை பிடித்துக்கொண்டு நின்றேன். 1820 வாக்கில் ஏற்காட்டுக்குக் காப்பியைக் கொண்டுவந்த கலெக்டர் காக்பர்னின் பெயர் எல்லாச் சுற்றுலாப் புத்தகத்திலும் இருக்கிறது. அந்தப் பாட்டிக்குச் சிமெண்டுப் பலகைகூட நிற்கவில்லை, அடுத்த மழையில் சாய்ந்துவிட்டது.

இரண்டு வருஷம் கழித்து, மகள் கல்லூரிப் பாடத்துக்காக ஜெராக்ஸ் எடுத்து வைத்திருந்த அமெரிக்காவின் பர்மிங்ஹாம் ஊர்ச் சிறையிலிருந்து கிங் எழுதிய கடிதத்தைப் பொழுதுபோகாமல் எடுத்துப் படித்தேன். 1963 ஏப்ரல் 12, பெரிய வெள்ளிக்கிழமை, அவரைக் கைது செய்தார்கள். அதே நாளில் அந்த ஊரின் எட்டு வெள்ளை மதத்தலைவர்களின் அறிக்கை வெளியாயிற்று. ஏழு பேர் கிறிஸ்தவர்கள், ஒருவர் யூத ரபி. இந்தப் போராட்டம் விவேகமில்லாதது, இதற்கு இது நேரமில்லை என்றார்கள். கிங் செய்தித்தாளின் ஓரங்களில் பதில் எழுத ஆரம்பித்தார். முகமூடி போட்டு வருகிற வெறியனைவிட, 'உன் நோக்கம் சரி, ஆனால் பொறு' என்கிற மிதவாதிதான் பெரிய தடை என்று ஏறக்குறைய முடிவுக்கு வந்துவிட்டதாக எழுதுகிறார்.

அந்த எட்டுப் பேரும் அயோக்கியர்கள் இல்லை. அவர்களில் பலர் அதே ஜனவரியில், நிறப் பாகுபாட்டுக்கு எதிரான நீதிமன்றத் தீர்ப்புகளுக்குக் கீழ்ப்படியுங்கள் என்று ஜனங்களுக்கு எழுதியவர்கள். நல்ல மனுஷர்கள், ஞாயிறு தவறாதவர்கள். கமிட்டி எலெக்‌ஷன் முடியட்டும் என்கிற ரகம். அதே வருஷம் செப்டம்பர் 15-ம் தேதி அதே பர்மிங்ஹாமில், கறுப்பினத்தாரின் பதினாறாவது தெரு பாப்டிஸ்ட் கோயிலில் நிறவெறியர்கள் வைத்த குண்டு வெடித்து நான்கு சிறுமிகள் செத்துப்போனார்கள்.

அப்புறம், "நிறம் வேறு, சாதி வேறு, ஏன் கலக்கிறீர்கள்" என்று கீழே யாராவது கேட்பீர்கள். 1959-ல் கிங் திருவனந்தபுரம் வந்தபோது, தலித் பிள்ளைகள் படித்த ஒரு பள்ளியின் தலைமை ஆசிரியர் அவரை 'அமெரிக்காவிலிருந்து வந்திருக்கும் நம்மைப் போன்ற ஒரு தீண்டத்தகாதவர்' என்று அறிமுகம் செய்தார். கிங்குக்கு முதலில் சுருக்கென்றிருக்கிறது. பிறகு யோசித்துப் பார்த்து, ஆமாம், நான் அதுதான் என்று ஒப்புக்கொண்டார். பின்னாளில் தன் சபைப் பிரசங்கத்திலேயே இதைச் சொன்னார். நம் பக்கத்திலும் இது புதுச் சண்டை இல்லை. 1833-லேயே கல்கத்தா பிஷப் டேனியல் வில்சன், திருச்சபைக்குள் சாதி உடனே ஒழிய வேண்டும் என்று சுற்றறிக்கை விட்டார். தஞ்சாவூரிலும் வேப்பேரியிலும் பலர் சாதியை வைத்துக்கொண்டு கோயிலை விட்டார்கள்.

எங்கள் கல்லறைத் தோட்டத்தில் இப்போது வரிசை எண்படி இடம் தருகிறார்கள். அதை மாற்றியது நான் இல்லை, எனக்குப் பின்னால் வந்த இளைஞர்கள். வேப்பமர வரிசை அதற்குள் நிரம்பிவிட்டது என்பதும் ஒரு காரணம்.

அந்தத் தம்பி இப்போது எங்கள் சபைக்கு வருவதில்லை, வேறு ஒரு ஜெபக்கூடத்துக்குப் போகிறார். நாலு ரோட்டில் எதிர்ப்பட்டால் "ஸ்தோத்திரம் அண்ணா" என்பார். அவரிடம் மன்னிப்புக் கேட்க வேண்டும் என்று ஒவ்வொரு லெந்து நோன்புக் காலத்திலும் நினைப்பேன். சரி, ஈஸ்டர் முடியட்டும் என்று விட்டுவிடுவேன்.