ஜூரியிலிருந்து யார் நீக்கப்படுகிறார்கள்? அமெரிக்க நீதிமன்றங்கள் பற்றிய கேள்வி பதில்

செல்வி: அமெரிக்காவில் குற்றவாளியா இல்லையா என்று சொல்வது பொதுமக்களில் இருந்து வரும் ஜூரிதானே? நிறபேதம் எங்கே நுழைகிறது?

ஜூரியைத் தேர்ந்தெடுக்கும்போதே நுழைந்துவிடுகிறது. அழைக்கப்பட்டவர்களில் சிலரைக் காரணமே சொல்லாமல் நீக்கும் உரிமை பெரும்பாலான மாநிலங்களில் இரு தரப்பு வக்கீல்களுக்கும் உண்டு. அரசு வக்கீல் இனத்தை வைத்து நீக்கக் கூடாது என்று 1986-ல் பேட்ஸன் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. அதன்பின் 'முகம் பார்த்துப் பேசவில்லை', 'குற்றம் மலிந்த பகுதியில் குடியிருக்கிறார்' என்று ஏதாவது சொன்னால் போதும் என்றாகிவிட்டது.

இர்ஃபான்: அப்படிப் பிடிபட்ட வழக்கு ஏதாவது உண்டா?

கர்ட்டிஸ் ஃபிளவர்ஸ் வழக்கு. மிசிசிப்பியின் வினோனா என்ற சிற்றூரில் 1996-ல் ஒரு ஃபர்னிச்சர் கடையில் நான்கு பேர் கொல்லப்பட்டார்கள். கருப்பினத்தவரான ஃபிளவர்ஸ் மீது ஆறு முறை விசாரணை நடந்தது. ஆறு முறையும் ஒரே அரசு வக்கீல். நீக்க வாய்ப்பிருந்த 42 கருப்பினத்தவரில் 41 பேரை அவர் நீக்கினார். ஆறாவது முறை, நீக்கிய ஐந்து கருப்பினத்தவரிடம் 145 கேள்விகள் கேட்டார்; ஜூரியில் அமர்ந்த 11 வெள்ளையரிடம் மொத்தமே 12. இதைப் படிக்கும்போதெல்லாம் எனக்கு ஆத்திரம் வருகிறது. 2019-ல் உச்ச நீதிமன்றம் 7-2 என்று அந்தத் தண்டனையை ரத்து செய்தது. அடுத்த ஆண்டு வழக்கே கைவிடப்பட்டது. அதற்குள் ஏறத்தாழ 23 ஆண்டுகள் சிறையில் போயிருந்தன.

பிரபு: தன் இனத்தவருக்குச் சாதகமாக இருப்பார்கள் என்று வக்கீல் பயப்படுவது இயல்புதானே?

அந்த ஊகத்தைத்தான் பேட்ஸன் தீர்ப்பு தடை செய்தது. வெள்ளைக்கார ஜூரர் வெள்ளையருக்குச் சாதகமாக இருப்பார் என்று ஊகித்து அவரை வீட்டுக்கு அனுப்புவதும் சரியில்லையே! நீக்கப்படுபவருக்கும் இது அவமானம்தான்.

நந்தினி: புள்ளிவிவரத்தைக் காட்டி வாதாட முடியாதா?

ஜார்ஜியா மாநிலத்தில் மரண தண்டனை பெற்ற கருப்பினத்தவரான வாரன் மெக்கிளெஸ்கி வாதாடினார். ஜார்ஜியாவின் 2,000-க்கும் மேற்பட்ட கொலை வழக்குகளை ஆராய்ந்ததில், கொலையுண்டவர் வெள்ளையரானால் மரண தண்டனை விழும் வாய்ப்பு 4.3 மடங்கு என்று தெரிந்தது. 1987-ல் உச்ச நீதிமன்றம் 5-4 என்று தள்ளுபடி செய்தது: 'உங்கள் வழக்கில் பாகுபாடு காட்டும் நோக்கம் இருந்ததை நிரூபியுங்கள்.' மனதுக்குள் இருப்பதை யார் நிரூபிப்பது? தீர்ப்பை எழுதிய நீதிபதி பவெல் ஓய்வுபெற்ற பிறகு, மாற்ற முடிந்தால் அந்த வாக்கை மாற்றுவேன் என்றார். மெக்கிளெஸ்கிக்கு 1991-ல் தண்டனை நிறைவேற்றப்பட்டது.

ரமணி: இன்று ஏதாவது மாறியிருக்கிறதா?

சில மாநிலங்களில் மாறியிருக்கிறது. வாஷிங்டன் மாநிலம் 2018-ல் கொண்டுவந்த விதிப்படி நோக்கத்தை நிரூபிக்க வேண்டியதில்லை. வெளியிலிருந்து பார்ப்பவருக்கு இனமும் ஒரு காரணமாகத் தோன்றக்கூடும் என்றாலே அந்த நீக்கம் செல்லாது. 'குற்றம் மலிந்த பகுதி' போன்ற சாக்குகளும் அங்கே எளிதில் எடுபடாது. அரிசோனா 2022-லிருந்து காரணம் சொல்லாமல் நீக்கும் முறையையே ஒழித்துவிட்டது.