ஹேஸல் ஸ்காட் நிகழ்ச்சி ஏன் கிடைப்பதில்லை?

அன்புள்ள ஐயா,

ஹேஸல் ஸ்காட் 1950இல் அமெரிக்கத் தொலைக்காட்சியில் நடத்திய இசை நிகழ்ச்சியைத் தேடுகிறேன். அவர் ஒரே நேரத்தில் இரண்டு பியானோ வாசிக்கும் துண்டு யூடியூபில் கிடைத்தது. அது அந்த நிகழ்ச்சிதானா? ஒரு துண்டு நேரலையிலிருந்து எடுத்த பதிவுதான் என்று எப்படி அடையாளம் காண்பது?

க., கோவை

அன்புள்ள க.,

இல்லை. அது 1943இல் வந்த ‘தி ஹீட்ஸ் ஆன்’ என்ற ஹாலிவுட் படத்தின் காட்சி. டுமாண்ட் என்ற அன்றைய அமெரிக்கத் தொலைக்காட்சி நெட்வொர்க்கில் அவருடைய கால் மணி நேர நிகழ்ச்சி 1950 ஜூலை 3 முதல் செப்டம்பர் 29 வரைதான் ஓடியது. அமெரிக்க நெட்வொர்க் தொலைக்காட்சியில் தன் பெயரிலேயே நிகழ்ச்சி நடத்திய முதல் கறுப்பினப் பெண்மணி அவர். கம்யூனிஸ்ட் ஆதரவாளர்கள் என்று கலைஞர்களைப் பட்டியலிட்ட ‘ரெட் சேனல்ஸ்’ என்ற கையேடு அந்த ஜூனில் வெளியானது. அதில் அவர் பெயரும் இருந்தது. செப்டம்பர் 22 அன்று தானே முன்வந்து அமெரிக்க நாடாளுமன்ற விசாரணைக் குழுவிடம் அந்தக் குற்றச்சாட்டை மறுத்தார். ஒரே வாரத்தில் நிகழ்ச்சியை நிறுத்திவிட்டார்கள். பெரிய அநியாயம் அது.

வீடியோ டேப் புழக்கத்துக்கு வந்தது 1956இல். அதற்கு முன் நேரலையைப் பதிய இருந்த வழி கினெஸ்கோப்: தொலைக்காட்சித் திரைக்கு எதிரே ஃபிலிம் கேமராவை வைத்துப் படம் பிடிப்பது. திரையில் நொடிக்கு 30 படங்கள், ஃபிலிமில் 24. இதைச் சரிக்கட்ட, கேமராவில் சுழலும் ஷட்டர் ஒவ்வொரு சுற்றிலும் 288 டிகிரி திறந்து 72 டிகிரி மூடியிருக்கும். மூடியிருக்கும் அந்த 1/120 நொடிக்குள் ஃபிலிம் அடுத்த கட்டத்துக்கு இறங்கியாக வேண்டும். இந்தக் கணக்கில் ஒன்றுவிட்ட ஒரு ஃபிரேமில் படத்தின் நடுவே, இரண்டு தொலைக்காட்சிப் படங்கள் சேரும் ஒட்டு விழும். ஷட்டர் கொஞ்சம் பிசகினாலும் அந்த இடத்தில் குறுக்கே ஒரு கோடு துடிக்கும். திறப்பு கூடினால் வெளிறிய கோடு, குறைந்தால் கருத்த கோடு. நீங்கள் முதலில் தேட வேண்டியது இதைத்தான். அடுத்து, நகை, பித்தளை வாத்தியம் போல பளிச்சென்று மின்னும் பொருளைச் சுற்றிக் கருவளையம் இருக்கிறதா என்று பாருங்கள். அது அன்றைய தொலைக்காட்சிக் கேமராக்களில் இருந்த இமேஜ் ஆர்த்திகான் என்ற படக்குழாயின் குணம். நேராக ஃபிலிமில் எடுத்த படத்தில் வராது.

ஆனால் டுமாண்டின் கினெஸ்கோப்புகளில் பெரும்பகுதி அழிந்துவிட்டது. மிஞ்சியிருந்தவற்றை 1970களில் லாரிகளில் ஏற்றிப் போய் நியூயார்க் விரிகுடாவில் கொட்டிவிட்டார்கள் என்று நடிகை ஈடி ஆடம்ஸ் 1996இல் சாட்சியம் சொன்னார்.

அதே காலத்துத் தொலைக்காட்சி இசைக் கலைஞர் கோர்லா பண்டிட்டின் கதி வேறு. தலைப்பாகையில் கல் பதித்து, ஒரு வார்த்தையும் பேசாமல் லாஸ் ஏஞ்சல்ஸ் கேடிஎல்ஏ நிலையத்தில் ஹேமண்ட் ஆர்கன் வாசித்தவர். டெல்லிக்காரர் என்று உலகம் நம்பியது. உண்மையில் செயின்ட் லூயிஸில் பிறந்த கறுப்பின அமெரிக்கர், ஜான் ரெட். ஸ்னேடர் நிறுவனம் நிலையங்களுக்கு விற்பதற்காக அவரை நேராக ஃபிலிமிலேயே படம்பிடித்தது. அதனால்தான் இன்றும் அவரைத் தெளிவாகப் பார்க்க முடிகிறது. ஸ்னேடர் பெயர் தாங்கிய எதையும் நேரலைக் கணக்கில் சேர்க்காதீர்கள்.